உதட்டில் இருந்த பாட்டு

மதுரை, 3 நவம்பர் 1930, திங்கள்

விடிந்ததிலிருந்து மழை. சமையற்கட்டில் ஓடு ஒழுகுகிறது. கீழே அண்டாவை வைத்துவிட்டு ஆபீசுக்குப் போனேன். அண்டாவில் சொட்டுகிற சத்தம் என் சம்சாரம் கிருபைக்குக் கேட்காது, நிரம்பி வழிந்தால்தான் தெரியும். அடிக்கடி எட்டிப் பார் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

இன்ஸ்பெக்டர் சடகோப நாயுடு நாற்காலியில் உட்காருவதற்கு முன்பே என்னைக் கூப்பிட்டார். தெற்குவாசல் தகரக் கொட்டகையில் 'மாணிக்கவல்லி' என்று ஒரு பயாஸ்கோப் ஓடுகிறது. குஞ்சரத்தம்மாள் மேடையில் பாடி நடித்துக்கொண்டிருந்த நாடகத்தை அப்படியே படம் பிடித்திருக்கிறார்கள். பாட்டுக்காகவே ஜனங்கள் போன நாடகம் அது. படத்தில் ஒரு பாட்டும் கேட்காது. ஆனால் சிறைச்சாலைக் காட்சியில் அவள் வாயைத் திறந்ததும் கொட்டகையே சேர்ந்து பாடுகிறதாம். எந்தப் பாட்டு என்று அவர் சொல்ல வேண்டியிருக்கவில்லை. வெள்ளெலிப் பாட்டு. சர்க்கார் தடை செய்த பாட்டு. ஜூன் மாதம் கோர்ட்டில் முதல் அடியிலிருந்து கடைசி அடி வரை அது வாசிக்கப்பட்டது. குஞ்சரத்துக்கு மூன்று மாதத் தண்டனை.

"போய் உக்காந்து எழுதிக்கிட்டு வாய்யா" என்றார்.

"ஊமைப்படத்துக்கு எப்படி சார் சுருக்கெழுத்து எழுதறது? காதுல விழுறதைத்தான் எனக்கு எழுதத் தெரியும்."

"உனக்குத் தெரியாதுன்னு மேலே எழுதி அனுப்பட்டுமா?"

ஆறு வருஷமாக நான் இந்தப் போலீஸ் இலாகாவில், கூட்டங்களில் பேசுவதையும் பாடுவதையும் சுருக்கெழுத்தில் எழுதுகிற தற்காலிக ரிப்போர்ட்டர். போகிறேன் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

4 நவம்பர், செவ்வாய்

மாலைக் காட்சி. கொட்டகையில் எள் விழ இடமில்லை. திரைக்கு முன்னால் ஒரு ஆர்மோனியம், ஒரு மிருதங்கம், கதை சொல்ல ஒரு ஆள். அவர் கையில் நீளமான மூங்கில் கோலை வைத்துக்கொண்டு, "இவள்தான் மாணிக்கவல்லி, இவன் பாதகன் வீரகேது" என்று காட்டுகிறார். படம் பிடித்தவர்கள் நாடக மேடையைத் தூக்கிக்கொண்டு போய்த் தோட்டத்தில் வைத்தது போலிருக்கிறது. அரண்மனை எழுதிய படுதா காற்றில் ஆடுகிறது. அதன் ஓரத்தில் ஒரு நிஜக் காக்காய் வந்து உட்கார்ந்தது, எல்லாரும் கைதட்டினார்கள்.

சிறைக் காட்சி வந்ததும் கதை சொல்கிறவர் கோலைக் கீழே போட்டார். ஆர்மோனியமும் மிருதங்கமும் நின்றன. "நாதா, என் துயரம் கேளாயோ?" என்று எழுத்து வந்து போயிற்று. பிறகு அவள் முகம் மட்டும், திரை அளவுக்கு.

அவள் வாயைத் திறந்தாள். என் பின்னாலிருந்து பாட்டு வந்தது.

வெள்ளெலி புகுந்த வீட்டிலே
விதைநெல் மிஞ்சுமோ தோழி
வாசலைத் திறந்து வைத்தவர் நாமே
வலையும் நாமே பின்னுவோம் தோழி

பெண்கள் பக்கத்திலிருந்தும் பாடினார்கள். அவள் உதடும் ஜனங்களின் குரலும் ஓர் இடத்தில்கூடப் பிசகவில்லை. நான் பென்சிலை எடுத்தேன், கூட்டம் பாடியதை எழுதினேன். எழுதியதில் புதிதாக ஒன்றுமில்லை.

5 நவம்பர், புதன்

ஓடு மாற்ற ஆள் வரவில்லை. ரிப்போர்ட்டை மூன்று முறை எழுதிக் கிழித்தேன்.

6 நவம்பர், வியாழன்

"மேற்படி நடிகை பாடினாரா, பாடினாரானால் எந்த வார்த்தைகளைப் பாடினார் என்பதைத் தீர்மானிக்க வழியில்லை" என்று எழுதிக் கொடுத்திருந்தேன். இன்ஸ்பெக்டர் அதை மேஜை மேல் போட்டுவிட்டுச் சிரித்தார்.

"ஜனங்க பாடினா ஜனங்களைப் பிடிக்கலாம். ஐந்நூறு பேரை எங்கேய்யா கொண்டுபோய் அடைக்கிறது? அவ பாடினாள்னு நிரூபிச்சா படத்தையும் நிறுத்தலாம், அவளையும் உள்ளே தள்ளலாம். மெட்ராஸ்ல சென்சார்காரன் இதுக்கு சர்ட்டிபிகேட் குடுத்திருக்கான். அவன் திரையில வர்ற எழுத்தைப் படிச்சான், உதட்டைப் படிக்கல."

உதட்டைப் படிக்க இலாகாவில் யாரும் இல்லையே சார் என்றேன்.

அவர் தலையை நிமிர்த்தினார். என் மேலுதட்டைப் பார்த்தார். இந்த ஆபீசில் மீசை இல்லாதவன் நான் ஒருவன்தான். பெண்டாட்டி மீசையைச் சிரைத்துவிட்டாள் என்று கான்ஸ்டபிள்கள் பேசிக்கொள்வார்கள். ஒரு விதத்தில் உண்மைதான். மீசை இருந்தால் கிருபைக்கு என் பேச்சு தெரியாது.

8 நவம்பர், சனி

நடந்ததை ஒழுங்காக எழுதிவிடுகிறேன். சுருக்கெழுத்தில் எழுதுவதால் வேறு யாரும் படிக்கப் போவதில்லை.

பக்கத்து வீட்டு அம்மாள் படத்தைப் பற்றிச் சொல்லியிருக்கிறாள். காலையிலேயே கிருபை ஆரம்பித்துவிட்டாள்.

"என்னையும் கூட்டிட்டுப் போங்க. நாடகத்துக்குப் போனாத்தான் எனக்கு ஒண்ணும் கேக்காது. இதுல யாருக்குமே கேக்காதாமே?"

கல்யாணமான மறுவருஷம் பாளையங்கோட்டையில் வந்த விஷக்காய்ச்சலில் அவளுக்குக் காது போயிற்று. ஒன்பது வருஷமாகிறது. வீட்டில் நாங்கள் குரல் இல்லாமல்தான் பேசிக்கொள்கிறோம். நான் உதட்டை அசைப்பேன், அவள் படித்துவிடுவாள். இருட்டானால் விளக்கை என் முகத்துக்குப் பக்கத்தில் கொண்டுவந்து வைப்பாள். இந்த ஒன்பது வருஷத்தில் நான் அவளை ஒரு நாடகத்துக்கும் அழைத்துப் போனதில்லை.

இன்று பகல் காட்சிக்கு அழைத்துப் போனேன்.

சிறைக் காட்சி வரைக்கும் சேலைத் தலைப்பால் விசிறிக்கொண்டிருந்தாள். குஞ்சரத்தின் முகம் பெரிதாக வந்ததும் விசிறுவது நின்றது. என் கையைப் பிடித்தாள். நகம் பதிந்தது. இதை எழுதும்போதும் தடம் இருக்கிறது. ஜனங்கள் பாடியது அவளுக்குத் தெரியவே தெரியாது. திரையைத் தவிர வேறெங்கும் பார்க்கவில்லை.

வெளியே வந்ததும் வாசலில் நின்று உரக்கச் சொன்னாள். தன் குரல் எவ்வளவு உரக்கப் போகிறது என்று அவளுக்குத் தெரியாது.

"அவ பாடினது எனக்குக் கேட்டுச்சுங்க! முழுசா கேட்டுச்சு!"

நாலு பேர் திரும்பிப் பார்த்தார்கள். அதில் ஒருவன் மப்டியில் இருந்த நம் கான்ஸ்டபிள் சுடலையாண்டி. நான் அவளை வேகமாக இழுத்துக்கொண்டு வந்தேன்.

வீட்டில் கதவைச் சாத்திவிட்டு, என் எதிரே உட்கார்ந்து, சத்தம் இல்லாமல் நாலு அடியும் சொன்னாள். ஒரே ஓர் இடத்தில் தடுமாறினாள். 'மிஞ்சுமோ' என்பதை 'பிஞ்சுமோ' என்றாள். உதட்டில் இரண்டும் ஒன்றுதான். நான் யோசிக்காமல் திருத்திவிட்டேன்.

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"ஜனங்க பாடினாங்க."

அவள் என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். நான் எழுந்து அண்டாத் தண்ணீரைக் கொட்டப் போனேன்.

9 நவம்பர், ஞாயிறு

கோவிலுக்குப் போனோம். பிரசங்கம் நீளம். கிருபைக்குப் பாதிரி ஐயரின் தாடி காரணமாக ஒன்றும் புரிவதில்லை, வழக்கமாகத் தூங்கிவிடுவாள். இன்று விழித்துக்கொண்டு, தனக்குள் உதட்டை அசைத்துக்கொண்டிருந்தாள். ஜெபம் செய்கிறாள் என்று மற்றவர்கள் நினைத்திருப்பார்கள்.

10 நவம்பர், திங்கள்

சுடலையாண்டி சொல்லிவிட்டான்.

இன்ஸ்பெக்டர் எனக்கு நாற்காலி போடச் சொன்னார். ஆறு வருஷத்தில் முதல் தடவை.

"உன் சம்சாரத்துக்குக் காது கேக்காதாமே. எங்கிட்ட சொல்லவே இல்லையே. ஆனா உதட்டைப் பார்த்தே எல்லாம் படிக்குமாம். எவ்வளவு பெரிய விஷயம்யா! கையில வெண்ணெயை வெச்சுக்கிட்டு நாம நெய்க்கு அலைஞ்சிருக்கோம்."

புதன்கிழமை காலை கொட்டகையில் தனிக் காட்சி. சூப்பரின்டெண்ட் ஹார்லன் துரை வருகிறார். கிருபை படத்தைப் பார்த்து, குஞ்சரம் என்ன பாடுகிறாள் என்று துரை முன்னால் சொல்ல வேண்டும். சொன்னதை நான் எழுதி, அவள் கைநாட்டு வாங்க வேண்டும்.

"அவளுக்குக் கையெழுத்துப் போடத் தெரியும் சார்" என்றேன். ஏன் அதை மட்டும் சொன்னேன் என்று தெரியவில்லை.

"சரி, கையெழுத்து. வியாழக்கிழமையே உன்னை நிரந்தரமாக்கி எழுதிடறேன். துரை வாக்குக் குடுத்திருக்கார்." பிறகு, நான் எழுந்து கதவு வரை வந்த பின், "வீட்டுல அந்தப் பாட்டு பாடுறதா சுடலையாண்டி எழுதிக் குடுத்தா நல்லாவா இருக்கும்? அதுக்கு முன்னாடி நாமளே முடிச்சிரலாம்" என்றார்.

கிருபையிடம் இன்னும் சொல்லவில்லை. ஓடு மாற்றிவிட்டார்கள்.

11 நவம்பர், செவ்வாய்

கொட்டகை முதலாளி சொக்கலிங்கத்துக்கும் குஞ்சரத்துக்கும் நாளை ஆஜராகச் சொல்லி சம்மன். என்னையே கொடுத்துவரச் சொன்னார்கள். முதலாளி வாங்கிக்கொண்டு தலையில் கையை வைத்து உட்கார்ந்துவிட்டார். குஞ்சரம் கொட்டகைக்குப் பின்னால் ஒரு சின்ன வீட்டில் தங்கியிருக்கிறாள். மேடையில் பார்த்தபோது இருந்ததில் பாதி ஆள்தான் இருக்கிறாள். காகிதத்தை வாங்கிப் படித்துவிட்டு என்னைக் கூர்ந்து பார்த்தாள்.

"கோர்ட்டுல என் பாட்டை வாசிச்ச ஐயாதானே?"

ஆமாம் என்றேன்.

"ஒரு சொல்லு விடாம எழுதியிருந்தீங்க. அதுல குத்தமில்ல. ஆனா மளிகைக் கணக்கு வாசிக்கிற மாதிரி வாசிச்சீங்க பாருங்க, தண்டனையைவிட அதுதான் எனக்குப் பொறுக்கல."

அவள் உள்ளங்கையைக் காட்டினாள். ஜெயிலில் கேழ்வரகு அரைத்துக் காய்த்துப்போயிருந்தது.

"இந்தத் தடவை மாட்டினா ரெண்டு வருஷம்னு வக்கீல் சொல்றாரு. மேடைக்கு லைசென்ஸ் இல்லேன்னுட்டாங்க. படத்துல சத்தம் இல்ல, அதனால லைசென்சும் வேண்டாம்னு போனேன். அது பொறுக்கல உங்களுக்கு."

"அம்மா, நீங்க அதுல என்ன பாடினீங்கன்னு..."

"கேக்காதீங்க" என்றாள். "கேட்டா சொல்லிடுவேன். எனக்கு மறைக்க வராது."

நான் கேட்கவில்லை. கையெழுத்து வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

சாயங்காலம் கிருபையிடம் சொன்னேன். அரிசி புடைத்துக்கொண்டிருந்தவள் முறத்தைக் கீழே வைத்துவிட்டு, என் முகத்தை வெளிச்சத்துக்குத் திருப்பி, இன்னொரு தடவை சொல்லச் சொன்னாள். சொன்னேன்.

"நான் என்ன சொல்லணும்?"

"பார்த்ததைச் சொல்லு."

"சொன்னா அவளை என்ன செய்வாவ?"

"அது கோர்ட்டு விஷயம்."

"முதல் தடவை அவ பாடினதை எழுதினது யாரு?"

"இலாகா."

"இலாகாவுக்குக் கை இருக்கா?"

நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். எங்கள் வீட்டில் முகத்தைத் திருப்புவது கதவை அறைந்து சாத்துகிற மாதிரி. ஒன்பது வருஷத்தில் நான் அதைச் செய்ததில்லை. அவள் முறத்தை எடுத்துக்கொண்டாள். அரிசி கீழே சிதறுகிற சத்தம் கேட்டது. அவள் சிதற விடுகிறவள் அல்ல.

உண்மையைச் சொல்லச் சொன்னேன். அது தப்பில்லை. உத்தியோகத்தில் இருப்பவன் வேறு எதைச் சொல்ல முடியும்? தப்பில்லை.

12 நவம்பர், புதன்

காலை ஒன்பது மணிக்குக் கொட்டகை. கிருபை கல்யாணப் புடவையைக் கட்டிக்கொண்டு வந்தாள். வழியில் ஒன்றும் பேசவில்லை. நானும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் இருவரும் சேர்ந்து திட்டம் போட்டதாகிவிடும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

தகரக் கூரையில் மழை கொட்டிக்கொண்டிருந்தது. முன் பெஞ்சில் ஹார்லன் துரை, பக்கத்தில் இன்ஸ்பெக்டர். ஓரத்தில் முதலாளி சொக்கலிங்கம், அவருக்குப் பின்னால் குஞ்சரம். நான் அவள் பக்கம் பார்க்கவில்லை.

துரைக்குக் கிருபை மேல் நம்பிக்கையில்லை. முதலில் சோதித்துப் பார்க்க வேண்டும் என்றார். இன்ஸ்பெக்டர் இருபதடி தள்ளி நின்று, சத்தம் இல்லாமல் உதட்டை அசைத்தார்.

"காலையில இட்லி சரியா வேகலைன்னு சொல்லுதாவ" என்றாள் கிருபை.

இன்ஸ்பெக்டரின் முகம் சிவந்தது. சரிதான் என்று ஒப்புக்கொண்டார். துரைக்கு உற்சாகம் வந்துவிட்டது. பரீட்சைக்காகத் தமிழ் படித்தவர். தானே எழுந்து நின்று, வாயைக் கோணி ஏதோ சொன்னார். கிருபை வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

"துரை 'குதிரைக்குப் புல் போடு'ன்னு சொல்லுதாவ. ஆனா புல்லுக்கு நாக்கை மடிக்கக் கூடாது. அவுக மடிச்சிட்டாவ."

நான் இதை இங்கிலீஷில் சொன்னதும் துரை பலமாகச் சிரித்து, "இந்தப் பெண் சொன்னால் அது சாட்சியம்தான். இனி எனக்குச் சந்தேகமில்லை" என்றார். இன்ஸ்பெக்டர் என்னைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டினார். நான் கிருபையைப் பார்த்தேன். அவள் தோற்றிருக்கலாம். வேண்டுமென்றே ஒன்றிரண்டைத் தப்பாகச் சொல்லியிருந்தால் அங்கேயே முடிந்திருக்கும். அவளுக்கு அது தோன்றவில்லையா, அல்லது தோன்றியும் செய்யவில்லையா?

விளக்கை அணைத்தார்கள். சிறைக் காட்சி உள்ள ரீலை மட்டும் ஓட்டினார்கள். ஆர்மோனியம் இல்லை, ஜனங்கள் இல்லை. மெஷின் கடகடவென்று சுற்றும் சத்தமும் மழையும். குஞ்சரத்தின் முகம் வந்தது. கிருபை முன்னால் சாய்ந்தாள்.

முடிந்ததும், "இன்னொரு தடவை போடச் சொல்லுங்க" என்றாள்.

போட்டார்கள். மறுபடியும் கேட்டாள். "பாவம், கவனமாகப் பார்க்கிறாள்" என்றார் துரை. நான் அவள் முகத்தைப் பார்த்தேன். அவள் கவனத்துக்காகப் பார்க்கவில்லை. பாட்டுப் பிடித்துப்போனவர்கள் திரும்பப் பாடச் சொல்வார்களே, அந்த முகம். எனக்கு அப்போதே தெரிந்துவிட்டது. என்ன தெரிந்தது என்று எழுத வரவில்லை.

விளக்கு வந்தது. இன்ஸ்பெக்டர் எழுந்தார்.

"சொல்லும்மா. என்ன பாடுறா?"

"பாடலீங்க ஐயா."

"என்ன?"

"எண்ணுதா. ஒண்ணு, ரெண்டு, மூணுன்னு பன்னிரண்டு வரைக்கும் எண்ணுதா. அப்புறம் திரும்ப ஒண்ணு."

முதலாளியின் வாய் திறந்தபடி இருந்தது. இன்ஸ்பெக்டர் கிருபைக்கு நேரே குனிந்து, ஒவ்வொரு எழுத்தாக, "நல்லா யோசிச்சுச் சொல்லு. வெ. ள்ளெ. லி. அப்படின்னு சொல்லலையா?" என்றார்.

"வெள்ளெலியா? இல்லீங்களே. ஒண்ணுக்கு உதடு குவியும், ரெண்டுக்கு விரியும், மூணுக்கு ஒட்டிப் பிரியும். இட்லியைச் சரியாத்தானே சொன்னேன் ஐயா?"

நான் துரைக்கு மொழிபெயர்த்தேன். என் குரல் எனக்கே வேறு யாருடையதோ போலக் கேட்டது. துரை தொடையில் தட்டிச் சிரித்தார். லண்டனில் ஒரு நடிகை காதல் காட்சியில் கடைச் சாமான்களின் பெயரைச் சொல்லிக்கொண்டிருந்தாளாம், கேள்விப்பட்டிருக்கிறாராம்.

இன்ஸ்பெக்டர் சிரிக்கவில்லை. என்னிடம் திரும்பினார்.

"யேசடியான், நீ ஒன்பது வருஷமா வீட்டுல உதட்டுலேயே குடித்தனம் பண்றவன். உனக்கும் கொஞ்சம் படிக்கத் தெரியும். இந்தப் பாட்டு உனக்கு மனப்பாடம். துரை முன்னாடி சத்தியமா சொல்லு. அவ எண்ணுறாளா, பாடுறாளா?"

துரை சிரிப்பை நிறுத்திவிட்டு, அதுவும் நியாயம்தான் என்பது போலத் தலையசைத்தார். இன்ஸ்பெக்டர் தயாராகத்தான் வந்திருந்தார். பையிலிருந்து வேதபுத்தகத்தை எடுத்து நீட்டினார்.

கிருபை என் உதட்டைப் பார்த்துக்கொண்டிருந்தாள். கெஞ்சவில்லை, மிரட்டவும் இல்லை. நான் என்ன சொல்லப் போகிறேன் என்று தெரிந்துகொள்ள மட்டும் காத்திருந்தாள். அவளுக்குப் பின்னால் குஞ்சரம் தன் உள்ளங்கைகளை மடியில் கவிழ்த்து வைத்திருந்தாள்.

வேதபுத்தகத்தில் கையை வைத்தேன். அட்டை மழையில் நனைந்திருந்தது.

"எண்ணுகிறாள்" என்றேன். இங்கிலீஷிலும் சொன்னேன்.

துரை எழுந்து தொப்பியைப் போட்டுக்கொண்டார். கிருபையின் வாக்குமூலத்தில் அவள் கையெழுத்திட்டாள். அதன் கீழே நான். வெளியே போகும்போது குஞ்சரம் எங்களைக் கடந்தாள். நிற்கவில்லை. கிருபையைப் பார்த்துச் சத்தமில்லாமல் ஏதோ சொன்னாள். நான் பிடிப்பதற்குள் போய்விட்டாள்.

"என்ன சொன்னா?" என்று கேட்டேன்.

"அது எனக்குச் சொன்னது" என்றாள் கிருபை.

13 நவம்பர், வியாழன்

கர்த்தர் முன்னிலையில் பொய் சொன்னேன். அதை நினைத்துத் தூக்கம் வராமல் போகும் என்று எதிர்பார்த்தேன். நன்றாகத் தூங்கினேன். அதுதான் பயமாயிருக்கிறது.

17 நவம்பர், திங்கள்

நிரந்தரம் ஆகவில்லை. அதைப் பற்றி ஒருவரும் பேசவில்லை. புது உத்தரவு மட்டும் வந்தது. தினமும் கொட்டகைக்குப் போக வேண்டும். பாடுகிறவர்களில் தெரிந்த முகங்களின் பெயர்களை எழுத வேண்டும்.

"எண்ணுறவளை விட்டுட்டோம். பாடுறவனை விட முடியாதில்ல?" என்றார் இன்ஸ்பெக்டர். நாற்காலி போடச் சொல்லவில்லை.

18 நவம்பர், செவ்வாய்

குஞ்சரம் சென்னைக்கு ரயிலேறிவிட்டாள். இன்னொரு படத்துக்குக் கூப்பிட்டிருக்கிறார்களாம். கிருபையிடம் சொன்னேன். சந்தோஷப்பட்டு வெல்லம் போட்டுப் பாயசம் வைத்தாள்.

நேற்றும் இன்றும் எழுதிய பெயர்கள்: ஒன்றுமில்லை. வெளிச்சம் போதவில்லை என்று குறித்திருக்கிறேன்.

25 நவம்பர், செவ்வாய்

இன்று காலை என்னை வேலையிலிருந்து நீக்கிவிட்டார்கள். காகிதத்தில் காரணம் ஒரே வரியில் இருக்கிறது: கடமையில் இருக்கும்போது தடை செய்யப்பட்ட பாட்டைப் பொது இடத்தில் பாடியது. கேஸ் போடவில்லை. போட்டால் அந்த வாக்குமூலமும் கோர்ட்டுக்கு வரும். துரைக்கு அது பிடிக்காது. வீட்டைக் காலி செய்துகொண்டு இந்த வாரக் கடைசியில் பாளையங்கோட்டைக்குப் போகிறோம். அங்கே செவிடர் பள்ளிக்கூடத்தில் கிருபைக்கு வேலை கிடைக்கலாம் என்று அவள் அண்ணன் எழுதியிருக்கிறார். எனக்கு என்ன கிடைக்கும் என்று அவர் எழுதவில்லை.

சனிக்கிழமை நடந்தது இது.

கிருபை இன்னொரு தடவை பார்க்க வேண்டும் என்றாள். எப்படியும் நான் போகத்தான் வேண்டும். பகல் காட்சிக்குச் சேர்ந்தே போனோம். மடியில் காகிதமும் பென்சிலும் வைத்திருந்தேன். இரண்டு பெஞ்ச் தள்ளி சுடலையாண்டி உட்கார்ந்திருந்தான்.

சிறைக் கதவு மூடுகிறது. அடுத்து அவள் முகம் வர வேண்டும். திரை ஒரு கணம் வெள்ளையாக மின்னியது, கல்யாண மண்டபம் வந்துவிட்டது. வாழை மரமும் தோரணமும். முதலாளி சொக்கலிங்கம் பயந்துபோய்க் கத்தரியால் அந்தத் துண்டை வெட்டி எடுத்துவிட்டார். கொட்டகை லைசென்ஸ் போய்விடும் என்று இன்ஸ்பெக்டர் சொல்லி அனுப்பினாராம். எனக்குத் தெரியாது. ஜனங்களுக்கும் தெரியாது.

கிருபை என் தோளை உலுக்கினாள்.

"அவ எங்க?"

"வெட்டிட்டாங்க."

"பாட்டையா?"

"பாட்டைத்தான்."

அவள் முகம் விழுந்துவிட்டது. அவ்வளவு பொய்யும் சத்தியமும் எதற்கு என்று நானும் நினைத்தேன். ஒரு பெண் ஜெயிலுக்குப் போகவில்லை. அதற்காகத்தான். இருந்தாலும் அந்த முகம் இனி எங்கேயும் வராது.

கொட்டகையில் கூச்சல். பெஞ்சைத் தட்டினார்கள், விசில் அடித்தார்கள். "போடுய்யா! போடு!" என்றார்கள். பிறகு பின்னால் ஒரு பெண் குரல் பாட ஆரம்பித்தது. திரையில் மாணிக்கவல்லிக்குத் தாலி கட்டிக்கொண்டிருந்தார்கள். அதன் மேலேயே எல்லாரும் பாடினார்கள்.

கிருபைக்கு என்ன நடக்கிறதென்று தெரியவில்லை. பெஞ்ச் அதிர்வது மட்டும் தெரிந்திருக்க வேண்டும். என்ன என்று திரும்பிப் பார்த்தாள். திரையின் வெளிச்சம் ஜனங்கள் முகத்தில் விழுந்துகொண்டிருந்தது. அவள் மெதுவாக எழுந்து, திரைக்கு முதுகைக் காட்டி, பெஞ்சில் பின்பக்கமாக உட்கார்ந்தாள். வரிசை வரிசையாக அத்தனை வாய்களும் அதே பாட்டு. அவளுக்கு முதல் முறையாக ஜனங்கள் பாடியது கேட்டது.

வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு என் பக்கம் குனிந்தாள்.

"எல்லாரும் பாடுதாவ. நம்மைச் சுத்தி இருக்கிறவங்க மட்டும் ஏன் பாடல?"

பார்த்தேன். எனக்கு முன்னும் பின்னும் பக்கத்திலும் ஒரு வட்டமாக வாய்கள் மூடியிருந்தன. ஒருவர் துண்டால் வாயைத் துடைப்பதுபோல் மறைத்துக்கொண்டிருந்தார். என்னை அடையாளம் தெரிந்தவர்கள். நான் எங்கே உட்கார்ந்தாலும் இப்படித்தான் இருந்திருக்கும். இத்தனை வருஷம் காகிதத்தையே பார்த்துக்கொண்டிருந்ததால் எனக்குத் தெரியவில்லை.

"என்னைப் பார்த்து" என்று உதட்டை அசைத்தேன்.

"அப்ப நீங்க பாடுங்க."

"சுடலையாண்டி இருக்கான்."

"இருக்கட்டும்."

வாயைத் திறந்தேன். முதலில் சத்தம் வரவில்லை, வீட்டில் பேசுவதுபோல் உதடு மட்டும் அசைந்தது. பிறகு வந்தது. எனக்குப் பாட வராது. சுருதி எங்கேயோ போயிற்று. துண்டால் வாயை மறைத்திருந்தவர் திகைத்து என்னைப் பார்த்தார், பார்த்துவிட்டுச் சிரித்தார், சிரித்த வாயோடு தானும் சேர்ந்துகொண்டார். அவருக்கு அடுத்தவரும். பென்சில் மடியிலிருந்து உருண்டு எங்கேயோ விழுந்தது, நான் தேடவில்லை.

கிருபை இப்போது மற்றவர்களைப் பார்க்கவில்லை. என் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் எங்கே நிறுத்திவிடுவேனோ என்பதுபோல் ஒரு விரலால் என் முழங்காலில் தாளம் போட்டாள். நான் நிறுத்தவில்லை.